திரும்ப என்று சொல்லக் கூடாத பேருந்து

'டக்.'

அடுத்த அறையில் கிண்ணத்தின் மூடியை எடுக்கும் சத்தம். அதற்குப் பிறகு ஒரு மௌனம்.

தொப்பியைத் தலையில் பொருத்தி ஊசி குத்திக்கொண்டிருந்த கினுயோவின் கை அப்படியே நின்றது. தினமும் காலையில் இந்த மௌனத்தை மூச்சைப் பிடித்துக்கொண்டுதான் அவள் கடப்பாள்.

"வேர்த்திருக்கு!" மாமியார் ஷிகேயின் குரல் காகிதக் கதவுக்கு அப்பாலிருந்து வந்தது. "மூடி பூரா முத்து முத்தா வேர்த்திருக்கு. என் பிள்ளை சௌக்கியமா இருக்கான்."

"சந்தோஷம்மா," என்றாள் கினுயோ. பிடித்திருந்த மூச்சு வெளியே வந்தது.

வெளியூர் போனவனுக்கும் வீட்டில் ஒரு தட்டு வைக்க வேண்டும் என்பது பழைய வழக்கம். சோறு, ஊறுகாய், மூடி போட்ட கிண்ணத்தில் மிசோ சூப். மூடியைத் திறக்கும்போது உட்புறம் நீர் கோத்திருந்தால் போனவன் போன இடத்தில் நலம். காய்ந்திருந்தால் சொல்லவே வேண்டாம். தெய்ஜி ஒசாகாவுக்குக் கப்பலேறிய நாளிலிருந்து, ஒன்பது வருடமாக, ஒரு காலைகூடத் தவறாமல் ஷிகே மகனுக்குத் தட்டு வைக்கிறாள். ஒரு காலைகூடத் தவறாமல் கினுயோ அந்தச் சூப்பைக் கொதிக்கக் கொதிக்க ஊற்றுகிறாள்.

"டெலிபோன் வந்துச்சா?"

"நேத்து வந்துதும்மா. ஒசாகாவில மழையாம், உடம்பு ரொம்பச் சுகமாம். வேலை கொஞ்சம் அதிகமாம், முடிஞ்சதும் வருவாராம்."

"என்னைப் பத்திக் கேட்டானா?"

"கேட்காம இருப்பாரா? முழங்கால் வலி எப்படின்னார், மருந்து போட்டு விடுன்னார்."

உள்ளே ஷிகே சிரித்துக்கொள்ளும் சத்தம் கேட்டது. கினுயோ வெள்ளைக் கையுறைகளை எடுத்துக்கொண்டு எழுந்தாள்.

தெய்ஜி டெலிபோன் பண்ணவில்லை. ஒரு நாளும் பண்ணியதில்லை. அவன் போன மூன்றாம் வருடம் கம்பெனி உல்லாசப் பயணமாக ஒசாகா போய்வந்த தோழி ஒருத்தி, கினுயோவைத் தனியாக அழைத்துச் சொன்னாள். ஒரு நூடுல்ஸ் கடையின் அடுப்பங்கரையில் தெய்ஜி ஏப்ரன் கட்டிக்கொண்டு நிற்பதைப் பார்த்தாளாம். பக்கத்தில் நின்ற பெண் தன் தோளில் கிடந்த துண்டால் அவன் நெற்றியைத் துடைத்துவிட்டாளாம். கினுயோ அன்று அழவில்லை. வீட்டுக்கு வந்தபோது, மகனிடமிருந்து தகவலே இல்லை என்று ஷிகே நாலு நாளாகச் சாப்பிடாமல் சுருண்டு கிடந்தாள். அவள் வாயில் ஒரு கவளம் இறங்கட்டும் என்று கினுயோ சொன்னாள்: "அம்மா, இன்னிக்கு ஆபீஸுக்கு அவர் டெலிபோன் பண்ணார்."

அந்த ஒரு கவளத்துக்கு அவள் கொடுத்த விலை, தன் மிச்ச வாழ்நாள். அன்று அது அவளுக்குத் தெரியவில்லை.

ஷிகேவுக்கு முழங்கால்கள் முடங்கிப் பல வருடம் ஆயிற்று. பெப்பு நகரத்தின் கன்னாவா மேட்டுத் தெருவில் வீட்டுக்கு வீடு குளியலறை கிடையாது. மண்ணிலிருந்து வரும் வெந்நீரைத் தெருவே பொதுக் குளியலறையில் பங்கு போட்டுக்கொள்ளும். சாயங்காலமானால் கினுயோ மாமியாரை முதுகில் சுமந்துகொண்டு, சாக்கடை மூடிகளின் இடுக்கெல்லாம் ஆவி பறக்கும் சந்தில் நடந்து போவாள்.

"ஹிமேனோ வீட்டு மருமகளைப் பாருங்கடி," என்பார்கள் கழுத்தளவு வெந்நீரில் உட்கார்ந்த பெண்கள். "புருஷன் ஊரில இல்ல. ஆனாலும் மாமியாரை என்னமா தாங்குறா!"

அந்தப் புகழ்ச்சி ஒவ்வொன்றும் ஒரு சுற்று கயிறு. கழுத்தில் எத்தனை சுற்று விழுந்துவிட்டது என்று கினுயோ எண்ணுவதை நிறுத்திவிட்டாள்.

"போய்ட்டு வரேம்மா."

"போய்ட்டு வா. சீக்கிரம் வந்துடு," என்றாள் ஷிகே. பிறகு எப்போதும் போல, "வந்துடுவ இல்ல?" என்றாள்.

பேருந்து நிலையத்தில் ஓட்டுநர் அனான் முன்கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தார். மனைவியை இழந்தவர். பெரிய கைகள், குறைந்த பேச்சு. ஆறு வருடமாக இந்த நரகச் சுற்றுலாப் பேருந்தை அவர் ஓட்டுகிறார், கினுயோ கைடாக நின்று கதை சொல்கிறாள். கொதிக்கும் ஊற்றுகளைத்தான் இந்த ஊரில் நரகம் என்பார்கள்.

"என்ன, மூஞ்சி வெந்த முட்டை மாதிரி இருக்கு?" என்றார்.

"உங்க மூஞ்சிக்குத் தேவலை. அது வேகாத முட்டை."

அவர் சிரிக்கவில்லை. துணியை மடித்தார், பிரித்தார், மறுபடியும் மடித்தார்.

"மியாசாகிக்கு மாத்தல் உறுதியாயிடுச்சு, கினுயோ சான். நாளைக்கு மத்தியானம் கிளம்பணும். இப்போ புதுக் கல்யாண ஜோடியெல்லாம் அங்கதானே போகுது. கைடும் தேவைன்னு சொல்றாங்க."

"தெரியும்."

"போன மாசம் நான் கேட்டதுக்கு நீ இன்னும் பதில் சொல்லல."

"நான் கல்யாணமானவ, அனான் சான்."

"அவன் போய் ஒன்பது வருஷம். நீ கல்யாணமானவளா, காவல்காரியா?" சொல்லிவிட்டு அவரே குரலைத் தணித்தார். "எனக்குப் பெருசா பேச வராது. வண்டியைப் பின்னால எடுக்கும்போது நீ பின்னாடி நின்னு விசில் ஊதி 'ஓராய், ஓராய்'னு சொல்லுவியே... நீ சொன்னா நான் கண்ணை மூடிக்கிட்டு எடுப்பேன். பள்ளமான்னுகூடப் பார்க்க மாட்டேன். நாளைக்குக் காலையில என் முகத்தைப் பார்த்து ஒரே ஒரு தடவை அதைச் சொல்லு. போதும்."

ஓராய். சரி, வா, தடையில்லை. பெப்பு நகரத்தில் பேருந்துப் பெண்கள் நாளுக்கு நூறு தடவை கத்துகிற சொல். கினுயோவுக்கு அந்த ஒரு சொல் தொண்டையில் மீன்முள்ளாகச் சிக்கியது. திரும்பி நின்று கையுறையை மாட்டிக்கொண்டாள்.

கப்பல்துறையில் ஒசாகா கப்பல் வந்து நின்றிருந்தது. ஒலிம்பிக் நடந்து முடிந்த அடுத்த வருடம் அது. நாட்டில் கல்யாணமாகிற ஜோடிகளில் பாதி பெப்புவுக்குத்தான் வருகிறது என்று கடைக்காரர்கள் பெருமையடித்துக்கொள்வார்கள். ஒரே மாதிரித் தொப்பியும் மார்பில் ஒரே மாதிரிப் பூவுமாக மணப்பெண்கள் ஏறினார்கள். பின்னால், பெட்டி தூக்கிக்கொண்டு, இன்னும் வெட்கம் விடாத மாப்பிள்ளைகள்.

கடைசியாக ஒரு பெண் தனியாக ஏறினாள். நாற்பது வயதிருக்கும். மங்கிய உடை. கையில் ஊதாத் துணியில் கட்டிய சதுரமான மூட்டை. வந்தவள் கினுயோவுக்கு நேர் எதிரே முதல் இருக்கையில் உட்கார்ந்தாள்.

"மூட்டையை மேலே வெச்சுடட்டுங்களா?"

"வேண்டாங்க. மடியிலேயே இருக்கட்டும்."

புது ஜோடிகளின் பேருந்தில் சொல்லக் கூடாத சொற்கள் உண்டு. கைடு பள்ளியில் முதல் வாரமே அதைத்தான் மனப்பாடம் செய்யச் சொல்வார்கள். அறுப்பது, பிரிவது, முறிவது எதுவும் ஆகாது. எல்லாவற்றையும்விட ஆகாதது 'திரும்ப'. புகுந்த வீட்டை விட்டுத் 'திரும்பி' வந்தவள் என்றால் வாழாவெட்டி என்று அர்த்தம். ஆகவே இந்தப் பேருந்தில் யாரும் எங்கேயும் திரும்புவதில்லை. 'முன்னே போகலாம்' என்றுதான் கைடு சொல்லுவாள். வந்த வழியே போனாலும் அது முன்னேதான்.

கினுயோ ஒலிவாங்கியை எடுத்தாள். பெப்புவின் பேருந்துப் பெண்கள் பேசுவதில்லை, பாடுவார்கள். ஏழு அசை, ஐந்து அசை, மறுபடி ஏழு, ஐந்து என்று வரி ஆடும். பதினைந்து வருடமாகப் பாடிப் பாடி அது அவள் மூச்சோடு கலந்துவிட்டது.

"நீலம் பூத்து நிற்பதோ கடல் நரகம்,
நெருங்கி வந்தால் கொதிப்பது தெரியும்..."

கடல் நரகத்தில் ஆவி மலைமேல் எழுந்தது. கூடையில் கட்டித் தொங்கவிட்ட முட்டைகள் அதில் வெந்துகொண்டிருந்தன. அடுத்தது மொட்டைத்தலை நரகம். சாம்பல்நிறச் சேற்றில் வழவழவென்று குமிழிகள் எழுந்து, மழித்த துறவித் தலைகள் போல மினுங்கி, 'ப்ளக்' என்று உடைந்தன.

"இதோ பார்றா, எங்க மாமனார்!" என்றார் குமாமோட்டோவிலிருந்து வந்த மாப்பிள்ளை ஒருவர்.

"இன்னும் பத்து வருஷத்துல உங்களுக்கும் அதே தலைதான்," என்றாள் அவருடைய புது மனைவி. "உங்கப்பாவைப் பார்த்துட்டுதான் சொல்றேன்."

கூட்டம் சிரித்தது. தனியாக வந்த பெண் மட்டும் சிரிக்கவில்லை. அவள் எந்த நரகத்தையும் பார்க்கவும் இல்லை. கினுயோவையே பார்த்தாள். கினுயோ பாடும்போது மடியிலிருந்த மூட்டையை மெல்ல அவள் பக்கமாக நகர்த்தி வைத்துக்கொண்டாள். அடுப்பு நரகத்தில் கினுயோ பற்றவைத்த ஊதுவத்தியை ஆட்டியதும் ஆவி பொங்கிப் பெருகியது, எல்லோரும் கைதட்டினார்கள். அந்தப் பெண் மூட்டையின் முடிச்சில் கையை வைத்தபடி அசையாமல் நின்றாள்.

ரத்தக் குளத்தைப் பார்த்துவிட்டு, கடைசியாக ஊற்று நரகம். எல்லோரும் கல்படியில் உட்கார்ந்து காத்திருந்தார்கள். திடீரென்று பாறைக்குள்ளிருந்து வெந்நீர் சீறி எழுந்து, மேலே கவிந்த கற்கூரையில் மோதி, நாலாபக்கமும் சிதறி விழுந்தது.

அந்தப் பெண் கினுயோவின் அருகில் வந்து நின்றாள்.

"அந்தக் கல்லு எதுக்குங்க?"

"அது இல்லேன்னா தண்ணி ரொம்ப உசரம் போயிடும். வர்றவங்க மேலெல்லாம் கொட்டும். அதான் தலையில கல்லு வெச்சுட்டாங்க."

"பாவம்."

"யாருங்க?"

"தண்ணிதான்," என்றாள் அவள். பிறகு தண்ணீரைப் பார்த்தபடியே கேட்டாள். "ஷிகேம்மாவுக்கு இப்போ முழங்கால் எப்படி இருக்கு?"

கினுயோவின் காதில் ஊற்றின் இரைச்சல் நின்றுபோயிற்று.

"நான் மிசாவோ. ஒசாகாவில நூடுல்ஸ் கடை வெச்சிருக்கேன்," என்றாள் அந்தப் பெண். "நான் யாருன்னு உங்களுக்குத் தெரிஞ்சிருக்கும். சாயங்காலம் உங்க வீட்டுக்கு வரலாமா? ஒரு விஷயம் முடிக்கணும்."

எத்தனையோ இரவுகளில் கினுயோ இந்தப் பெண்ணைக் கற்பனை செய்திருக்கிறாள். உதட்டுச் சாயமும் நகமுமாக, பார்த்ததும் அறையத் தோன்றும் முகமாக. இந்த முகத்தில் தூக்கமின்மையைத் தவிர ஒன்றுமில்லை. விஷயம் முடிக்கணும் என்கிறாளே! இவள் எதற்கு வந்திருப்பாள்? தெய்ஜியை முறைப்படி கட்டிக்கொள்ள வேண்டும். அதற்கு விவாகரத்துக் காகிதத்தில் மனைவி கையெழுத்துக்குப் பதிலாக முத்திரை குத்தி அவனை விட்டுக்கொடுக்க வேண்டும். வேறென்ன! இடிந்துபோக வேண்டிய நெஞ்சு சிறகடித்தது. எடுத்துக்கோ தாயே, எடுத்துக்கோ! தெய்ஜியின் அம்மாவிடம் அவனே சொல்லட்டும். மியாசாகியில் கடற்கரைச் சாலை இருக்கிறதாம், பேருந்து நாள் முழுக்க அதன் ஓரமாகவே ஓடுமாம்...

"வாங்க," என்றாள். "கண்டிப்பா வாங்க."

அந்தப் படபடப்பில்தான் அது நடந்தது. கொடியை உயர்த்தி, பதினைந்து வருடத்தில் முதல் தடவையாக, கினுயோ கணீரென்று சொன்னாள்:

"எல்லாரும் வண்டிக்குத் திரும்பிப் போகலாம்!"

கூட்டம் உறைந்தது. மணப்பெண்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். சின்னவள் ஒருத்திக்குக் கண்ணே கலங்கிவிட்டது. கினுயோ இரண்டாக மடிந்து குனிந்தாள். "மன்னிச்சுடுங்க, மன்னிச்சுடுங்க..."

குமாமோட்டோக்காரர்தான் காப்பாற்றினார். "கைடு சான், இவ நேத்து ராத்திரியில இருந்து ரெண்டு தடவை அம்மா வீட்டுக்குப் போறேன்னுட்டா. நீங்க வேற எடுத்துக் குடுக்காதீங்க!"

"ரெண்டு இல்ல, மூணு," என்றாள் மனைவி. சிரிப்பு வெடித்தது. பேருந்து முன்னே போயிற்று. ஓட்டுநர் கண்ணாடியில் அனானின் கண்கள் மட்டும் கினுயோவை விடவில்லை.

நிலையத்தில் ஆட்கள் இறங்கியதும் கேட்டார். "என்ன ஆச்சு உனக்கு? யாரு அந்தப் பொம்பளை?"

"எனக்கு விடுதலை கொண்டுவந்திருக்கிறவ." கினுயோ சிரித்தாள், கண்ணில் நீர் நின்றது. "நாளைக்குக் காலையில கேட்டுக்குங்க. சத்தமாவே சொல்றேன்."

அந்தப் பெரிய கைகள் தொப்பியைக் கழற்றி, என்ன செய்வதென்று தெரியாமல் மறுபடி மாட்டிக்கொண்டன.

பேருந்தில் விலக்கப்பட்ட சொல்தான் வீட்டில் தினப்படி உணவு. வாசலில் செருப்பைக் கழற்றும்போது ஊர் முழுக்கச் சொல்கிற வார்த்தை அது.

"திரும்பி வந்துட்டேம்மா."

"திரும்பி வந்தியா," என்றது உள்ளறை. "இன்னிக்கு உன் காலடிச் சத்தமே வேற மாதிரி இருக்கே."

"மேடும்மா. வேகமா ஏறி வந்தேன்."

கினுயோ மாமியாருக்குத் தேநீர் கொடுத்து, காகிதக் கதவை இழுத்து மூடினாள். இழுப்பறையிலிருந்து முத்திரைக் கட்டையை எடுத்தாள். சின்ன விரல் அளவுக் கட்டை. அடியில் ஹிமேனோ என்ற வீட்டுப் பெயர். கடைசியாக ஒரே ஒரு தடவை இந்தப் பெயரைக் குத்த வேண்டும். உள்ளங்கையில் வைத்து மூடிக்கொண்டாள்.

வெளிச்சம் மங்கும் நேரத்தில் மிசாவோ வந்தாள். முன்னறையில் உட்கார்ந்து, தரையில் நெற்றி பட வணங்கினாள். நீண்ட நேரம் நிமிரவில்லை.

"மெதுவாப் பேசுங்க," என்று கினுயோ கிசுகிசுத்தாள். "உள்ளே அம்மா இருக்காங்க. நான் தயார். எங்க குத்தணும்னு காட்டுங்க."

மிசாவோ நிமிர்ந்தாள். புரியாமல் பார்த்தாள். கினுயோவின் மூடிய கையையும், அதன் இடுக்கில் தெரிந்த கட்டை நுனியையும் பார்த்தபோது அவள் உதடு கோணிக்கொண்டது.

"ஐயோ... அதுக்கு இல்லைங்க," என்றாள்.

ஊதாத் துணியின் முடிச்சை அவிழ்த்தாள். உள்ளே வெள்ளைத் துணி. வெள்ளைத் துணி சுற்றிய பெட்டிக்குள் அஸ்திதான் இருக்கும் என்று இந்த நாட்டில் குழந்தைக்கும் தெரியும்.

"போன மாசம்," என்றாள் மிசாவோ. "காசநோய். மூணு வருஷமாப் படுக்கை. காசு சேர்த்துக்கிட்டு ஊருக்கு வரணும்னுதான் மொதல்ல இருந்தார். காசு சேரல. அப்புறம் வெட்கம். அப்புறம் நான். என்னைத் திட்டுங்க, அடிங்க. ஆனா இவரை உங்க குடும்பக் கல்லறையில வைக்கணும். என் பக்கத்துல வெச்சுக்க நான் யாரு?"

கினுயோவின் விரல்கள் கட்டையை இன்னும் இறுக்கிக்கொண்டன.

"கடைசியில ஒண்ணே ஒண்ணுதான் கேட்டார். கினுயோ பாடறதை ஒரு தடவை கேட்கணும், எல்லா நரகத்தையும் அவ சொல்லக் கேட்கணும்னு. அதான் நேரா இங்க வராம வண்டியில ஏறினேன். மடியில வெச்சுக்கிட்டு எல்லா நரகத்தையும் காட்டிட்டேன். கேட்டிருப்பார்." துண்டால் வாயைப் பொத்திக்கொண்டாள். "கேட்டிருப்பார் இல்ல?"

அப்படியானால் இன்று முழுவதும் தெய்ஜி அந்த முதல் இருக்கையில்தான் இருந்தான். அவள் சிரித்ததை, ஊதுவத்தி ஆட்டியதை, திரும்பிப் போகலாம் என்று தவறிச் சொன்னதை எல்லாம் கேட்டுக்கொண்டு. கினுயோ அந்தப் பெட்டியைத் தொட்டாள். ஒன்பது வருடக் கோபம் கைக்கு வரும் என்று நினைத்தாள். வரவில்லை. மரப்பெட்டி இன்னும் மிசாவோவின் மடிச் சூட்டோடு இருந்தது.

உடனே அடுத்த நினைப்பு, கத்தி மாதிரி. உள்ளே இருப்பவளுக்கு என்ன சொல்வது? சொன்னால் இன்றைக்கே அவள் உயிர் போய்விடும். சொல்லாவிட்டால், செத்தவனிடமிருந்து டெலிபோன் வந்ததாக இவள் சாகும்வரை பொய் சொல்ல வேண்டும். செத்தவனுக்காகச் சூப்பைக் கொதிக்கக் கொதிக்க ஊற்ற வேண்டும்.

"எடுத்துட்டுப் போங்க," என்று கிசுகிசுத்தாள். "மேட்டுல கோயில் இருக்கு. சாமியார்கிட்ட இப்போதைக்கு வெச்சுக்கச் சொல்லுங்க. கெஞ்சிக் கேட்டுக்கறேன். அம்மாவுக்குத் தெரியக் கூடாது..."

'டக்.'

உள்ளே கிண்ணத்தின் மூடி வைக்கப்படும் சத்தம். பிறகு பாய்த்தரையில் எதையோ இழுக்கும் சத்தம். காகிதக் கதவு நகர்ந்தது. முழங்கால்களை இழுத்துக்கொண்டு, கைகளை ஊன்றி, ஷிகே தவழ்ந்து வந்தாள். மிசாவோவைப் பார்க்கவில்லை. கினுயோவைப் பார்க்கவில்லை. வெள்ளைத் துணிப் பெட்டியின் முன்னால் வந்து உட்கார்ந்தாள்.

"அவனை ஏன் வாசல்கிட்ட வெச்சிருக்கே? காத்து அடிக்குது பாரு," என்றாள். பெட்டியை இரண்டு கையாலும் எடுத்து மார்போடு அணைத்துக்கொண்டாள். "திரும்பி வந்துட்டியாடா, தெய்ஜி. திரும்பி வந்துட்டியா."

கினுயோ தரையில் விழுந்தாள். "அம்மா! நான் பொய் சொல்லிட்டேன்மா. அவர் டெலிபோன் பண்ணவே இல்ல. ஒரு நாளும் பண்ணல. நீங்க சாப்பிடணும்னுதான்..."

"தெரியும்."

"என்னம்மா?"

"மொத நாளே தெரியும்." ஷிகேயின் கை பெட்டியைத் தட்டிக்கொடுத்தது, குழந்தையைத் தூங்க வைப்பது மாதிரி. "என் பிள்ளை எப்படிப் பேசுவான்னு எனக்குத் தெரியாதா? வாய்க்குள்ளேயே முணுமுணுப்பான். நீ சொன்ன தெய்ஜி பாட்டாப் பாடினான். ஒசாகாவில மழையாம், உடம்பு ரொம்பச் சுகமாம்... ஏழு, அஞ்சு. ஏழு, அஞ்சு. வண்டியில ஜனங்களுக்கு நரகத்தைக் காட்டுற அதே ராகத்துல எனக்கு என் பிள்ளையைக் காட்டின."

ஆறு வருடம் அத்தனை கவனமாகச் சொன்ன பொய்! எந்த நாளில் என்ன சொன்னோம் என்று நினைவு வைத்து, மறக்காமல், மாற்றாமல். நாக்கு அவளுக்குத் தெரியாமலே தாளம் போட்டிருக்கிறது.

"சூப்பை அவ்வளவு சூடா ஊத்தினா எந்த மூடிதான் வேர்க்காது?" என்றாள் ஷிகே.

"அப்புறம் ஏன்மா... ஏன் ஒரு நாளும் என்னைக் கேட்கல?"

அப்போதுதான் ஷிகே மருமகளை நிமிர்ந்து பார்த்தாள். வறண்ட கண்கள்.

"கேட்டிருந்தா நீ போயிருப்ப," என்றாள்.

தெருச் சாக்கடையில் வெந்நீர் ஓடும் சத்தம் மட்டும் கேட்டது.

"போய் நல்லா இருன்னுதான் உன்னை வாழ்த்தியிருக்கணும். நல்ல மாமியாரா இருந்தா அப்படித்தான் செஞ்சிருப்பா. நான் நல்லவ இல்ல, கினுயோ. உன் முதுகு பழகிடுச்சு." கிழவியின் குரல் முதல் தடவையாக உடைந்தது. "இன்னிக்கு உன் காலடி வேற மாதிரி இருந்துச்சே. அதான் பயந்துபோய்க் கேட்டேன். இனிமே எனக்கு யாரு இருக்கா? இந்தப் பெட்டியும் நீயும்தானே?"

திட்டியிருந்தால் எழுந்து போயிருக்கலாம். பொய்க்காரி என்று முகத்தில் துப்பியிருந்தால், அந்த எச்சிலைத் துடைத்துக்கொண்டே மியாசாகி வரை நடந்திருக்கலாம். இப்படிக் கேட்டால் எங்கே போவது?

மிசாவோ எழுந்தாள். ஊதாத் துணியைக் காலியாக மடித்துக் கைக்குள் வைத்துக்கொண்டாள். கப்பலுக்கு நேரமாகிவிட்டது. ஷிகேவை வணங்கினாள், ஷிகே தலையசைத்தாள். "மூணு வருஷம் பார்த்துக்கிட்டியா? நல்லா இரு," என்றாள். அவ்வளவுதான்.

வாசலில் செருப்பு மாட்டும்போது மிசாவோ கினுயோவின் மணிக்கட்டைப் பிடித்தாள்.

"அந்த ஓட்டுநரை நான் பார்த்தேன்," என்று காதருகில் சொன்னாள். "கண்ணாடியில உங்களையேதான் பார்த்துக்கிட்டு வந்தார். போயிடுங்க. படுத்துட்ட மனுஷனைத் தூக்கித் தூக்கி என் முதுகு என்ன ஆச்சுன்னு எனக்குத் தெரியும். நான் சொல்றேன், போயிடுங்க."

கினுயோ தன் கையைப் பிரித்துப் பார்த்தாள். முத்திரைக் கட்டையை அத்தனை இறுக்கமாகப் பிடித்திருந்தாள் போலிருக்கிறது. மையில்லாமலே உள்ளங்கைச் சதையில் பதிந்திருந்தது, ஹிமேனோ.

"கினுயோ," உள்ளிருந்து குரல் வந்தது. "யாரோட பேசிக்கிட்டிருக்கே? கதவைச் சாத்தும்மா. தெய்ஜிக்குக் குளிரும்."

வெளியே இறக்கத்தில் ஆவி தெருவை மூடியிருந்தது. தூரத்தில், நிலையத்தில், ஏதோ ஒரு பேருந்து பின்னால் போய்க்கொண்டிருந்தது. யாரோ ஒரு சின்னப் பெண் விசில் ஊதி 'ஓராய், ஓராய்' என்று கூவினாள். கினுயோவின் உதடு அந்தச் சொல்லுக்காகக் குவிந்தது. அப்படியே நின்றது.

"பார்த்துத் திரும்பிப் போங்க," என்றாள் மிசாவோவிடம்.

மிசாவோ ஆவிக்குள் இறங்கினாள். இரண்டு தடவை திரும்பிப் பார்த்தாள். பிறகு தெரியவில்லை.

"சாத்திட்டியா?"

"சாத்தறேம்மா," என்றாள் கினுயோ.

கதவு அதன் தடத்தில் ஓடி, கிண்ணத்தின் மேல் மூடி உட்காருவது போல, 'டக்' என்று மூடிக்கொண்டது.